அன்ரியின் வைஃபையில் டொரண்ட்: பதில் சொல்ல வேண்டியது யார்?

கேள்வி: வெள்ளவத்தையில் ஒரு அனெக்ஸில் வாடகைக்கு இருக்கிறேன். வீட்டுக்கார அன்ரியின் வைஃபையைத்தான் பாவிக்கிறேன். பல டொரண்ட் (கோப்புகளைப் பாவனையாளர்கள் துண்டு துண்டாகத் தமக்குள் பரிமாறும் முறை) தளங்களை ஒரேயடியாகத் தேடித் தரும் மெட்டா தேடல் தளமொன்றின் மூலம் படங்களும், கிராக் செய்த (காசு கட்டாமல் ஓட, பூட்டை உடைத்த) டிசைன் மென்பொருளும் இறக்கினேன். அந்த மென்பொருளில் கல்யாண அழைப்பிதழ் செய்து கொஞ்சம் உழைக்கிறேன். போன கிழமை, "பொலிஸ் உங்கள் கணினியை முடக்கிவிட்டது, தண்டப்பணம் கட்டுங்கள்" என்று திரையில் வந்தது. தேடல் தளத்தில் கோப்பே இல்லை, ஆகவே குற்றமில்லை என்கிறான் நண்பன். உண்மையா?

பதில்: முதலில், ஒரு சதமும் கட்டாதீர்கள். தண்டப்பணம் விதிப்பது நீதிமன்றம்; அது கணினித் திரையில் வந்து வசூலிக்காது. இது மோசடி. திரையைப் படம் பிடித்து வைத்துக்கொண்டு, குற்றப் புலனாய்வுத் திணைக்களத்தின் கணினிக் குற்றப் பிரிவில் முறையிடலாம்.

நண்பன் சொன்னதில் பாதி சரி. மெட்டா தேடல் தளம் மற்றத் தளங்களின் பட்டியல்களைத் துழாவி இணைப்புகளை மட்டுமே காட்டுகிறது. ஆனால் "கோப்பு எங்களிடம் இல்லை" என்ற வாதம் எப்போதும் எடுபடும் என்றில்லை. பைரேட் பே என்ற பிரபல டொரண்ட் தளமும் படங்களைத் தன்னிடம் வைத்திருக்கவில்லை; அதை நடத்தியவர்களை 2009இல் ஸ்டாக்ஹோம் நீதிமன்றம் குற்றவாளிகளாகக் கண்டது.

அது தளக்காரர் கவலை. உங்களுடையது வேறு. தேடிப் பார்த்ததோடு நின்றிருந்தால் பெரிதாகப் பேச ஒன்றுமில்லை. டொரண்ட் மென்பொருள் ஓடத் தொடங்கியதும், நீங்கள் இறக்கும் துண்டுகளை அதே நேரத்தில் முன்பின் தெரியாதவர்களுக்கு ஏற்றியும் விடுகிறது. அதாவது நீங்களும் விநியோகஸ்தர். "பார்த்துவிட்டு அழித்துவிட்டேன்" என்பது இங்கே உதவாது. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் சொந்தப் பாவனைக்கு ஒரு பிரதி எடுக்க இடம் தருகிறதுதான். ஆனால் மூலப் பிரதி சட்டபூர்வமானதாக இருக்க வேண்டும்.

வேண்டுமென்றே பதிப்புரிமையை மீறினால் நீதவான் நீதிமன்றத்தில் 5 இலட்சம் ரூபாய் வரை தண்டம், 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். திரும்பச் செய்தால் இரட்டிப்பு. வீட்டில் படம் பார்ப்பவரைத் தேடி யாரும் வருவது அரிது, அதை மறைக்கவில்லை. எனக்குப் பயம் தருவது உங்கள் அழைப்பிதழ் வேலைதான். திருட்டு மென்பொருள் என்று தெரிந்தே வருமானத்துக்குப் பாவிப்பதை அதே சட்டம் தனிக் குற்றமாகவே சொல்கிறது. அதை இன்றே நிறுத்துங்கள். இங்க்ஸ்கேப், ஜிம்ப் என்ற டிசைன் மென்பொருள்கள் இரண்டும் இலவசம், அழைப்பிதழுக்குத் தாராளமாகப் போதும்.

அன்ரி விஷயம்: ஒரே டொரண்டில் இருக்கும் எல்லோருக்கும் உங்கள் ஐபி முகவரி (இணைய இணைப்பை அடையாளம் காட்டும் இலக்கம்) தெரியும். அந்த இணைப்பு அவர் பெயரில். அறியாமல் நடந்ததற்கு அவரைத் தண்டிக்க முடியாது, ஆனால் விசாரணை வந்தால் முதலில் தட்டப்படுவது அவர் கதவுதான். விபிஎன் (வேறொரு கணினி வழியாக இணையத்துக்குப் போகும் சேவை) அந்த முகவரியை மறைக்கும். குற்றத்தை இல்லாமல் ஆக்காது.

டொரண்ட் தொழில்நுட்பம் குற்றமல்ல. உபுண்டு என்ற இலவச இயங்குதளம் போன்றவற்றை அவற்றின் சொந்தத் தளத்திலிருந்தே டொரண்டாக எடுக்கலாம். மெட்டா தளங்களில் மின்னும் பெரிய "டவுன்லோட்" பட்டன்கள் பெரும்பாலும் விளம்பரம். படத்தின் பெயரோடு கோப்பு ".இஎக்ஸ்இ" (.exe, அதாவது படமல்ல, ஓடக்கூடிய மென்பொருள்) என்று முடிந்தால் திறக்கவே வேண்டாம். பிரவுசரை மூடியும் அந்த மிரட்டல் போகவில்லை என்றால், கிராக்கோடு ஏதோ உள்ளே வந்திருக்கிறது: நெட்டைத் துண்டித்து, விண்டோஸைப் புதிதாகப் போட்டு, வங்கிக் கடவுச்சொற்களை வேறொரு கருவியிலிருந்து மாற்றுங்கள்.