வாலே கைத்தடி: வாசகர் கேள்வி-பதில்

கேள்வி: பழைய கார்ட்டூன் படங்களில் சார்லி சாப்ளின் அடிக்கடி தலைகாட்டுகிறாரே, அது மரியாதையா, வெறும் கேலியா? (கல்லூரி மாணவி, தஞ்சாவூர்)

பதில்: பாதிக்கு மேல் கேலிதான். ஆனால் 1923-இல் வந்த ‘ஃபெலிக்ஸ் இன் ஹாலிவுட்’ மரியாதை என்று அடித்துச் சொல்வேன். சில நிமிஷம் ஓடும் ஊமைப்படம். ஃபெலிக்ஸ் என்ற கறுப்புப் பூனையின் எஜமான் கையில் காசில்லாத நடிகர். பூனையை ஹாலிவுட்டுக்குக் கூட்டிப்போக முடியாது என்கிறார். பூனை சும்மா இருக்குமா? தன்னையே ஒரு பையாக மாற்றிக்கொண்டு, அவர் கையில் தொங்கியபடியே போய்ச் சேர்ந்துவிடுகிறது. ஸ்டூடியோவில் தன் திறமையைக் காட்டும்போது வால் கைத்தடியாகிறது. அதை ஊன்றிக்கொண்டு அச்சு அசல் சாப்ளின் நடை! அந்த நேரம் பார்த்து சாப்ளினே வந்து நிற்கிறார். ‘என் வித்தையையா திருடுகிறாய்?’ என்று சண்டைக்கு வருகிறார்.

எனக்கு இந்தக் காட்சி என்றால் உயிர். காரணம், இதை உருவாக்கிய ஓட்டோ மெஸ்மர். ஃபெலிக்ஸ் பிறந்தது 1919-இல். அதற்கு முன்பே, அவர் வேலை பார்த்த பாட் சலிவன் ஸ்டூடியோ சாப்ளினை நாயகனாக வைத்துக் கார்ட்டூன்கள் எடுத்திருந்தது. சாப்ளின் தடை சொல்லவில்லை, தன் புகைப்படங்களை அனுப்பி உதவினார். அந்த அசைவுகளைத் திரும்பத் திரும்ப வரைந்துதான், வாய் திறக்காமல் தோளாலும் காலாலும் மனசைக் காட்டுவதை மெஸ்மர் கற்றுக்கொண்டார். கையைப் பின்னால் கட்டி, தலையைக் குனிந்து, முன்னும் பின்னும் நடந்து யோசிக்குமே ஃபெலிக்ஸ், அந்த நடைக்கும் சாப்ளின்தான் மூலம். ஆகவே ‘திருடுகிறாய்’ என்று சாப்ளின் வாயாலேயே சொல்லவைத்தது, கடன்பட்டவர் ஊர்ச் சபையில் எழுந்து கொடுத்தவர் பெயரைச் சொல்வது மாதிரி. அதே படத்தில் ஊமைப்படச் சிரிப்பு நடிகர் பென் டர்பினும் வருகிறார். அவருடைய மாறுகண்ணுக்கு ஒரு சிரிப்பு, அதோடு சரி.

கேள்வி: பக்ஸ் பன்னி கார்ட்டூனில் ஹம்ஃப்ரி போகார்ட் காசு கேட்டு வருவது ஏன்? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: நீங்கள் சொல்வது 1950-இல் சக் ஜோன்ஸ் இயக்கிய ‘எயிட் பால் பன்னி’. ஒரு பென்குயினை அதன் ஊரில் விட அன்டார்டிகா வரை அலைகிறது பக்ஸ் பன்னி என்ற முயல். போகிற வழியில் ஹாலிவுட் நடிகர் போகார்ட் திடீர் திடீரென முளைத்து, ‘கஷ்டப்படுகிற சக அமெரிக்கனுக்கு உதவக் கூடாதா?’ என்கிறார். 1948-இல் வந்த ‘தி டிரெஷர் ஆஃப் தி சியர்ரா மாட்ரே’ படத்தில் அவர் பேசிய வசனம்தான் இது. மெக்சிகோவின் டாம்பிகோ நகரத்தில் வெள்ளை சூட் போட்ட ஒரே ஆளிடம் மூன்று தடவை கையேந்துவார். ஒவ்வொரு தடவையும் அவர் கண் போவது எதிராளியின் கைக்கும் காசுக்கும்தான், முகத்தைப் பார்ப்பதே இல்லை. அதனால் ஆள் ஒருவரே என்று தெரியவில்லை. அந்த சூட்காரராக நடித்தவர் படத்தின் இயக்குநர் ஜான் ஹூஸ்டன்!

போகார்ட் என்றதும் எல்லோருக்கும் துப்பாக்கியும் சிகரெட்டும்தான் ஞாபகம் வரும். கார்ட்டூன்காரர்கள் அதை விட்டுவிட்டு, பெரிய நட்சத்திரம் துணிந்து அழுக்கும் தாடியுமாக நின்ற இடத்தைப் பிடித்தார்களே, அங்கேதான் அவர்கள் ரசிகர்கள். முதலில் ஹூஸ்டன் படத்தைப் பாருங்கள், அப்புறம் கார்ட்டூன். அப்போதுதான், பென்குயின் பிறந்தது நியூஜெர்சியின் ஹோபோகன் என்று தெரிந்து முயல் நொந்துபோயிருக்கும்போது போகார்ட் மறுபடி கையேந்தி வர, பென்குயினையே அவரிடம் ஒப்படைத்துவிட்டு முயல் ஓடுகிற கட்டத்தில் வயிறு வலிக்கச் சிரிக்கலாம்.