ஜானிஸ் தொலைந்துபோனாரா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

சென்ற வாரம் அமெரிக்க ராக் பாடகி ஜானிஸ் ஜாப்ளினை ‘ஹிப்பிகள் நடுவே தன்னைக் கண்டடைந்த பெண்’ என்று எழுதியிருந்தீர்கள். 27 வயதில் ஹெராயினால் செத்துப்போனவர் அவர். எனக்கும் கிட்டத்தட்ட அதே வயது. அவர் தொலைந்துபோனார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

வாசகி, திருச்சி

அன்புள்ள வாசகிக்கு,

அந்தச் சாவை நான் அழகாக்கிச் சொல்ல மாட்டேன். போதைமருந்து சுலபமாகக் கிடைத்த சூழல் அது. அதற்கும் பழியில் பங்குண்டு. ஆனால் அவர் எங்கிருந்து கிளம்பினார் என்று பாருங்கள்.

டெக்சாஸில் போர்ட் ஆர்தர், எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகளின் ஊர். முகமெல்லாம் பரு, கறுப்பர்களின் ப்ளூஸ் பாட்டின்மேல் பித்து. பள்ளியில் ஏச்சு வாங்க இவை போதும். ஆஸ்டினில் படித்தபோது, வளாகத்திலேயே அசிங்கமான ஆண் யார் என்ற போட்டிக்கு இவர் பெயரைக் கொடுத்தார்கள். ஒரு பெண்ணின் பெயரை! 1963இல் வழியில் வண்டிகளை நிறுத்தி ஏறி சான் பிரான்சிஸ்கோ போனார். 1965இல் போதையில் உருக்குலைந்து, எலும்பும் தோலுமாக வீடு திரும்பினார்.

அடுத்து வந்த ஒரு வருடத்தைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. கூந்தலை அள்ளிக் கொண்டை போட்டார், மறுபடி கல்லூரியில் சேர்ந்தார், கல்யாணம்கூட நிச்சயமானது. ஊர் கேட்ட நல்ல பெண்ணாக வாழ்ந்து பார்த்தார். கல்யாணம் நடக்கவில்லை. 1966இல் ஹிப்பிகள் கூடிக்கொண்டிருந்த சான் பிரான்சிஸ்கோவிலிருந்து, ஒரு ராக் குழுவுக்குப் பாடகி வேண்டும் என்று அழைப்பு வந்ததும் கிளம்பிவிட்டார். போய்ச் சேர்ந்த பிறகுதான் பெற்றோருக்குக் கடிதம், பயந்து பயந்து எழுதியது. அந்தப் பயத்தோடும் அங்கேயே தங்கினார் பாருங்கள், கண்டடைந்தார் என்று நான் சொன்னது இதைத்தான்.

ஹிப்பிகளின் உலகம் பெண்களுக்குச் சொர்க்கமாக இருக்கவில்லை. பூங்காவில் இலவசச் சாப்பாடு போட்ட டிக்கர்ஸ் குழுவில்கூட காய்கறி திரட்டியதும் சமைத்ததும் பெரும்பாலும் பெண்களே. ஆனால் ஜானிஸின் கரகரத்த குரலைக் கேட்க அங்கே ஆள் இருந்தது. 1967 ஜூனில், கலிபோர்னியாவின் மான்டரே இசை விழாவில், 24 வயதில், பிக் மாமா தார்ன்டன் என்ற கறுப்பினப் பாடகியின் பாட்டைப் பாடி எல்லோரையும் உலுக்கினார்.

அப்புறம் ஒன்று. ப்ளூஸ் பாடகி பெஸ்ஸி ஸ்மித் 1937இல் இறந்தார். அவர் கல்லறை ஒரு பெயர்க்கல்கூட இல்லாமல் கிடந்தது. 1970 ஆகஸ்டில் அங்கே கல் நட்டார்கள். செலவில் ஒரு பங்கு ஜானிஸ் கொடுத்தது. தன் குரல் யாரிடமிருந்து வந்தது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அக்டோபரில் அவர் இறந்தார்.