பனாம்பாவை விட்டுக் கிளம்பியவர்கள்: ஆப்பிரிக்க அடிமைமுறையும் காலனிச் சட்டமும் – கேள்வி பதில்

ஆப்பிரிக்காவில் அடிமைமுறையை ஒழித்தது ஐரோப்பியச் சட்டம்தானே? பள்ளியில் அப்படித்தான் படித்தோம். (கல்லூரி மாணவர், மதுரை)

நானும் அப்படிப் படித்தவன்தான். ஸ்டான்ஃபோர்டில் ஆப்பிரிக்க வரலாறு கற்பித்த ரிச்சர்ட் ராபர்ட்ஸின் ஆய்வுகளைப் படித்த பிறகு அந்த நம்பிக்கை போய்விட்டது. அவர் வேலை செய்த களம் பிரெஞ்சு சூடான், அதாவது இன்றைய மாலி.

அங்கே பனாம்பா என்று ஓர் ஊர். மரக்கா என்ற இனத்து வணிகர்களின் ஊர். சுற்றிலும் தானியப் பண்ணைகள், பண்ணை முழுக்க அடிமைகள். அவர்களில் பலர் சமோரி என்ற மேற்கு ஆப்பிரிக்க மன்னரின் போர்களில் பிடிபட்டு விற்கப்பட்டவர்கள். 1905இல் அவர்கள் கூட்டங்கூட்டமாகக் கிளம்பினார்கள், பலர் தெற்கே சொந்த ஊரான வசுலுவை நோக்கி. பிரெஞ்சு அதிகாரிகள் முதலில் என்ன செய்தார்கள்? துருப்புகளை அனுப்பி, ஆண்டைகளுக்கும் அடிமைகளுக்கும் சமரசம் பேசினார்கள். அந்தச் சமரசம் ஒரு வருஷம்கூடத் தாங்கவில்லை. 1906இல் மறுபடி கிளம்பினார்கள். இந்த முறை அரசு தடுக்கவில்லை. நடுவில், 1905 டிசம்பர் 12இல்தான், ஆட்களை அடிமையாக்குவதையும் விற்பதையும் தடை செய்யும் ஆணை வந்தது. தேதிகளை வரிசையாக வைத்துப் பாருங்கள், ஜனங்கள் முதலில் நடந்துவிட்டார்கள்.

அப்படியானால் சட்டத்துக்குப் பங்கே இல்லையா சார்? (வழக்கறிஞர், திருச்சி)

இருக்கிறது. 1903இல் பிரெஞ்சு மேற்கு ஆப்பிரிக்காவுக்குப் புதிய நீதிமன்ற அமைப்பு வந்தது. அடிமை என்ற அந்தஸ்தை நீதிமன்றம் கணக்கில் எடுக்கக்கூடாது என்று அதிகாரிகளுக்குச் சொல்லப்பட்டது. உனக்கு விடுதலை என்று யாரும் யாரிடமும் அறிவிக்கவில்லை. ஆனால் 'என் ஆள் ஓடிவிட்டான், பிடித்துக் கொடுங்கள்' என்று ஆண்டை வந்து நின்றால் அந்த மனுவுக்கு இனி இடமில்லை. பிடிப்பதற்கு ஆள் இல்லை என்று தெரிந்தால் கால் தானாகவே நடக்கும்.

இந்தத் தந்திரம் இந்தியாவில் நடந்ததைப் போலவே இருக்கிறதே?

சரியாகப் பிடித்தீர்கள். கிழக்கிந்தியக் கம்பெனியின் 1843ஆம் ஆண்டு ஐந்தாம் சட்டம் இதே ரகம்தான்: அடிமைமீது ஆண்டைக்கு உள்ள உரிமையை நீதிமன்றம் ஏற்காது, அவ்வளவுதான். நம் பக்கம் அதற்குப் பிறகும் பண்ணையாள் பண்ணையிலேயே கிடந்தது உங்களுக்குத் தெரியும். 'இந்திய மாதிரி' என்று வரலாற்றாசிரியர்கள் சொல்லும் இதைத்தான் ஆங்கிலேயர் 1874இல் கோல்ட் கோஸ்டுக்கும் (இன்றைய கானா) 1897இல் சான்சிபாருக்கும் (கிழக்கு ஆப்பிரிக்கத் தீவு, இன்றைய தான்சானியாவில்) கொண்டுபோனார்கள். சான்சிபாரில் வைப்பாட்டிகளாக இருந்த அடிமைப் பெண்களை அந்த ஆணையிலிருந்து விலக்கியே வைத்தார்கள். அவர்களுக்கு 1909 வரை காத்திருப்பு. சியரா லியோன் கதை இன்னும் மோசம். ஓடிப்போன அடிமையை ஆண்டை நியாயமான பலத்தைப் பயன்படுத்திப் பிடிக்கலாம் என்று 1927இல் அங்கே உச்ச நீதிமன்றமே தீர்ப்புச் சொன்னது. அந்த அசிங்கம் வெளியே வந்த பிறகுதான் புதுச் சட்டம் போட்டு, 1928 ஜனவரி 1 முதல் ஒழித்தார்கள்.

காலனி நீதிமன்றப் பதிவேட்டை வைத்து அடிமைகளின் வாழ்க்கையை எப்படிச் சொல்ல முடியும்? எழுதியவன் அதிகாரிதானே? (ஆய்வு மாணவி, கோயம்புத்தூர்)

அந்தச் சந்தேகம் நியாயமானது. சாட்சி பேசியதை மொழிபெயர்ப்பாளர் சுருக்கி, எழுத்தர் இன்னும் சுருக்கி, கடைசியில் நம் கைக்கு வருவது நாலு வரி. ஆனால் ராபர்ட்ஸ் ஒரு வழக்கை மட்டும் தூக்கிப் பிடிக்கவில்லை. நூற்றுக்கணக்கான வழக்குகளை அடுக்கிப் பார்த்தார். அப்போது எதிர்பாராத ஒன்று கண்ணில் பட்டது. 1905க்குப் பிறகு விவாகரத்து கேட்டு நீதிமன்றப் படியேறியவர்களில் பெரும்பாலோர் பெண்கள். அடிமைகள் போனதும் வீட்டு வேலையும் வயல் வேலையும் மனைவிமார் தலையில் விழுந்தன. அவர்களும் வெளியேறும் வழி தேடினார்கள் என்று அவர் இரண்டையும் முடிச்சுப் போடுகிறார். எனக்கு அவருடைய ஆய்வில் மிகவும் பிடித்த இடம் இதுதான்.

அங்கெல்லாம் 'மரபுச் சட்டம்' என்று ஒன்று இருந்ததே, அது பழங்காலத்து வழக்கம்தானே?

முழுக்க அப்படியில்லை. மலாவி, ஜாம்பியா பகுதிகளை ஆராய்ந்த மார்ட்டின் சானக் இதைத்தான் உடைத்தார். 'உங்கள் வழக்கம் என்ன?' என்று வெள்ளை அதிகாரி யாரிடம் கேட்டார்? ஊர்ப் பெரியவர்களிடம். பெண்களும் இளைஞர்களும் கைமீறிப் போகிறார்கள் என்று கவலைப்பட்ட அந்தப் பெரியவர்கள், தங்களுக்குத் தோதானதைப் பழக்கம் என்று சொல்ல, அது சட்டமாகிவிட்டது.

இதெல்லாம் பழைய கதை. இன்றைக்கு என்ன சம்பந்தம்?

நைஜரைச் சேர்ந்த ஹதிஜாத்து மானியைப் பாருங்கள். 1996இல், 12 வயதில், 2,40,000 சிஎஃப்ஏ பிராங்குக்கு (அந்த நாட்டு நாணயம்) விற்கப்பட்டார். 2003இல் நைஜர் அடிமைமுறையைக் குற்றமாக்கியது. 2005இல் எஜமான் விடுதலைச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டார். அப்புறம், 'இவள் என் மனைவி' என்றார். மானி வேறொருவரை மணந்துகொண்டார். அதற்காக உள்ளூர் நீதிமன்றம், இரண்டாம் திருமணக் குற்றம் என்று சொல்லி, அவருக்கே 6 மாதச் சிறை விதித்தது. மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் பொருளாதாரக் கூட்டமைப்பின் நீதிமன்றம் 2008 அக்டோபர் 27இல், நைஜர் அரசு அவரைக் காக்கத் தவறியது என்று சொல்லி 1 கோடி பிராங்க் இழப்பீடு கொடுக்க உத்தரவிட்டது.