கணீர் குரல் என்னும் மூடநம்பிக்கை

அன்புள்ள ஐயா,

பூர்ணம் விஸ்வநாதன் பழைய படம் ஒன்றில் இரண்டே காட்சிகளில் வந்து போவதை மகளோடு சேர்ந்து பார்த்தேன். “இவர் டில்லி வானொலியில் செய்தி வாசித்தவர்” என்றேன். அவள் நம்பவில்லை. செய்தி வாசித்த அனுபவம்தான் அவரை நல்ல குணச்சித்திர நடிகராக்கியதா? அந்தக் கணீர் குரல்கள் இன்று ஏன் இல்லை? வானொலி, சினிமா இரண்டில் அவருக்குப் பெருமை சேர்த்தது எது? மகள் பாட்காஸ்ட் தொடங்கியிருக்கிறாள். குரல் கொஞ்சம் மெலிது. பயிற்சி ஏதாவது சொல்லுங்கள்.

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

எதில் பெருமை என்ற கேள்வியைப் பட்டிமன்றத்துக்கு விட்டுவிடுவோம். “இன்று ஏன் இல்லை” என்பதற்கும் பதில் கிடையாது. இருக்கிறார்கள், நீங்கள் கேட்பதில்லை. ஆனால் அந்தக் ‘கணீர்’ இருக்கிறதே, அதை அப்படியே விட மனமில்லை. ஒலிபரப்பாளர் என்றாலே தொண்டை என்று முடிவு கட்டிவிடுகிறோம். கொஞ்ச நாளாகவே இது என்னை உறுத்திக்கொண்டிருக்கிறது.

1947 ஆகஸ்ட் 15 அதிகாலையில், கிழக்காசிய நாடுகளுக்கான தமிழ்ச் செய்தியில் இந்தியா விடுதலை பெற்றதை வாசித்தவர் பூர்ணம். கடல் கடந்து போகும் அத்தகைய ஒலிபரப்பு சிற்றலையில், அதாவது வெகுதூரம் செல்லும் ‘ஷார்ட்வேவ்’ வானொலி அலையில் போனது. லண்டனிலிருந்து 1941இல் தொடங்கி, பின்னாளில் இரவு 9.15க்குத் தமிழர் வீடுகளில் ஒலித்த பிபிசி தமிழோசையும் சிற்றலைதான். சிற்றலையில் நிலையங்கள் 5 கிலோஹெர்ட்ஸ் இடைவெளியில் நெருக்கியடித்து நிற்கும். பக்கத்து நிலையத்தின் மேல் ஏறாமலிருக்க, குரலில் ஏறத்தாழ அந்த அளவுக்கு மேல் உள்ள உயர் அதிர்வெண்களை வெட்டிவிடுவார்கள். ‘ஸ’ ஒலியின் கூர்மையில் பெரும்பகுதி அங்கேயே போய்விடும். கீழ்ப்பக்கம்? ஆண்குரலின் அடித்தளம், அதாவது அதன் மிகத் தாழ்ந்த அதிர்வு, 100 ஹெர்ட்ஸ் சுற்றுவட்டாரத்தில் இருக்கிறது. உள்ளங்கை அகல ஸ்பீக்கர் வைத்த டிரான்சிஸ்டரில் அது வெளியே வருவதே அரிது. மேலே உள்ள ஒலிகளை வைத்து அடித்தளத்தை நம் மூளை ஊகித்துக்கொள்கிறது. நீங்கள் கும்பிடும் அந்தக் கனம் பெட்டியிலிருந்து வந்ததைவிட உங்கள் தலைக்குள் உண்டானதே அதிகம்.

சரி, வந்து சேர்ந்தது எது? நடுப்பகுதி மட்டும். அதுவும் ஒழுங்காக வராது. வானின் உயரத்தில் மின்னூட்டம் பெற்ற காற்றடுக்கான அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பும் அலை ஒரே பாதையில் வருவதில்லை. வெவ்வேறு நீளமுள்ள பாதைகளில் வந்தவை ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும்போது, சில விநாடிகளுக்குச் சத்தம் அமிழ்ந்து மறுபடி எழும். வாசிப்பவருக்கு அது எப்போது நேரும் என்று தெரியாது. எந்தச் சொல் மூழ்கினாலும் செய்தி பிழைக்க வேண்டும். ஆகவே அவருடைய வேலை வாயில் தொடங்கவில்லை, பேனாவில் தொடங்கியது.

தமிழில் இதற்கென்றே ஒரு கண்ணி இருக்கிறது. நம் வாக்கியத்தின் உயிர் கடைசியில் வரும் வினையில். “எல்லையில் நடந்த தாக்குதலில் தங்கள் வீரர்கள் உயிரிழந்ததாக வெளியான செய்தியை அந்நாட்டு ராணுவம் மறுத்துள்ளது.” அச்சில் குறையே இல்லாத வாக்கியம். கடைசிச் சொல் மூழ்கினால்? வீரர்கள் செத்தார்கள், அதைச் சொன்னது ராணுவம் என்று ஒருவர் தெருவெல்லாம் சொல்லிவிடுவார். இதையே காதுக்கு எழுதினால், “அந்நாட்டு ராணுவம் ஒரு மறுப்பு வெளியிட்டிருக்கிறது. எல்லைத் தாக்குதலில் தன் வீரர்கள் யாரும் இறக்கவில்லை என்கிறது ராணுவம்” என்று வரும். மறுப்பு முதல் வாக்கியத்திலேயே வந்துவிட்டது. இரண்டாவதில் ‘யாரும்’ என்றதுமே ‘இல்லை’ வரப்போகிறது என்று காது தயாராகிவிடும். ‘இறக்கவில்லை’ போனாலும் பொருள் போகாது. இவ்வளவையும் செய்துவிட்டுத்தான் மைக் முன்னால் உட்கார வேண்டும்.

எண்களும் இப்படித்தான். அறுபதும் எழுபதும் இரைச்சலில் இரட்டைப் பிள்ளைகள். எழுநூறு, எண்ணூறும் அப்படியே. இரண்டாம் முறை சொல்லும்போது வேறு உருவில் சொல்ல வேண்டும்: “எழுநூறு பேர், அதாவது ஆயிரத்துக்கு முந்நூறு குறைவு.” பெயருக்கு முன்னால் பதவி வருவதும் மரியாதைக்காக மட்டுமல்ல. ‘நிதி அமைச்சர்’ கேட்டுவிட்டால், பெயர் மங்கினாலும் ஆள் யாரென்று தெரியும்.

வாசிப்பிலும் அதே இடத்தில்தான் கோளாறு. மூச்சு தீர்வது வாக்கியக் கடைசியில். குரல் இறங்குவதும் அங்கேதான். வினை வந்து நிற்பதும் அங்கேதான். மூன்றும் சேர்ந்தால் வினையை விழுங்கிவிடுவோம். அனுபவசாலிகள் தாளில் பென்சிலால் கோடு போட்டுக்கொள்வார்கள். “வெளியான செய்தியை / அந்நாட்டு ராணுவம் மறுத்துள்ளது.” கோட்டில் மூச்சை எடுத்தால் ‘மறுத்துள்ளது’ முழு உடம்போடு வெளியே வரும். இதற்குக் கணீர் தேவையில்லை. பென்சில் போதும்.

இனி உங்கள் முதல் கேள்வி. பூர்ணத்துக்கு நடிப்பைச் செய்தி அறை கற்றுத்தரவில்லை. அவர் நாடகக்காரர். ‘பூர்ணம் நியூ தியேட்டர்ஸ்’ என்று குழுவே வைத்திருந்தார், சுஜாதாவின் நாடகங்களை மேடையேற்றினார். இதை விட்டுவிட்டு “வானொலி நடிகராக்கியதா” என்று கேட்டால் எப்படி? செய்தி வாசிப்பு நடிகனைக் கெடுப்பதற்கும் வழி உண்டு. கண் எப்போதும் தாளிலேயே இருந்து பழகிவிடும், எதிரில் நிற்பவரைப் பார்க்காது. ஒவ்வொரு வசனமும் ஒரே ஏற்ற இறக்கத்தில் போய் முடியும். இவர் இரண்டிலும் சிக்கவில்லை. ‘மகாநதி’யில் சிறைக்குள் வரும் அந்தப் பெரியவரை மறுபடி பாருங்கள். குரலைக் காட்டவே மாட்டார்.

வானொலிக்காரருக்குச் சினிமாவில் உண்மையாகவே கை கொடுப்பது டப்பிங் அறை. அங்கேயும் மைக், தாள், கடிகாரம்தானே. ப, ம வரும் இடத்தில் திரையில் உதடு மூடும். அந்த எழுத்துகளைச் சரியாகப் பொருத்திவிட்டால் நடுவில் சற்று முன்பின் போனாலும் கண் மன்னிக்கும். இரண்டு காட்சிக்கு மட்டும் வரும் நடிகர் அரை நாளில் பேசி முடித்துப் போவதில் இந்தப் பழக்கத்துக்குப் பங்கு உண்டு.

மகளைப் பற்றி. ‘குரல் கொஞ்சம் மெலிது’ என்று அவள் காதுபட இன்னொரு தடவை சொல்லாதீர்கள். மெல்லிய குரல் குறையே அல்ல. தொண்டையைக் கனப்படுத்தச் சொன்னால்தான் கெடும். பத்து நிமிடத்தில் வறண்டு கட்டிக்கொள்ளும். மைக்கை வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி, நேர் எதிரே வைக்காமல் சற்றுப் பக்கவாட்டில் வைக்கட்டும். ‘ப’வின் காற்று அதில் மோதி ‘பட்’டென்று வெடிக்காது. தாளின் ஒரு பக்கத்தில் மட்டும் எழுதட்டும். தாள்களைப் பின் குத்தி இணைக்கக் கூடாது. முடித்த தாளைப் புரட்டாமல் பக்கத்தில் நகர்த்தி வைக்க வேண்டும். ஒரு வாக்கியம் இரண்டு தாளுக்குப் பிரிந்து போகக் கூடாது, பிரிந்தால் நடுவில் காகிதம் பேசும்.

பதிவானதை அறையின் மறுகோடியில், மின்விசிறி ஓட, சத்தத்தைக் குறைத்து வைத்து நீங்கள் கேளுங்கள், அவள் வேண்டாம். எழுதியதைப் பார்க்காமல் கேட்க வேண்டும். எந்த வாக்கியத்தில் “என்ன சொன்னே?” என்று தோன்றுகிறதோ அதைக் குறித்துக்கொடுங்கள். குரலைத் தொடாமல் அந்த வாக்கியத்தை மட்டும் திருத்தி எழுதச் சொல்லுங்கள். முதல் நிகழ்ச்சிக்கு அவள் எழுதிய தாளை எனக்கும் அனுப்பலாம். வினைச்சொற்களை எங்கே வைத்திருக்கிறாள் என்று பார்க்க வேண்டும்.