ஸ்க்விட் கேம் கடைசி சீசனின் முடிவு ஏன் பலருக்குப் பிடிக்கவில்லை? கி-ஹுன் சாகத்தான் வேண்டுமா?

கடனில் மூழ்கியவர்களைப் பிடித்து வந்து சின்னப் பிள்ளை விளையாட்டுகளை ஆட விட்டு, தோற்றவர்களைக் கொன்று, ஜெயித்தவருக்குப் பெரும் பணம் கொடுக்கும் கொரிய நெட்ஃப்ளிக்ஸ் தொடர் இது. அதன் ஹீரோ கி-ஹுன், முதல் சீசனில் ஜெயித்தவன், ஆட்டத்தை நிறுத்துவதற்காக மறுபடி உள்ளே போனவன். சீசன் 3 இன்னும் பார்க்காதவர்கள் இத்தோடு நின்றுகொள்ளுங்கள். யார் செத்தார்கள், பணம் யாருக்குப் போனது எல்லாமே கீழே இருக்கிறது.

என் பதில்: ஆமாம், சாகத்தான் வேண்டும். அவன் செத்ததில் எனக்கு ஒரு குறையும் இல்லை. அதைச் சுற்றி அடுக்கி வைத்திருந்த சில விஷயங்கள்தான் சொதப்பல். பலருடைய கோபம் உண்மையில் அவற்றின் மேல்தான் என்று நினைக்கிறேன், ஆனால் பார்த்து முடித்ததும் மனதில் நிற்பது ஹீரோ விழுவதுதான் என்பதால் பழி மொத்தமும் முடிவின் தலையில் வந்து விழுந்துவிட்டது.

முதலில் ஒன்று. 2, 3 இரண்டும் தனித்தனி சீசன்களே இல்லை. சேர்த்து எடுத்த ஒரே கதையை நடுவில் வெட்டி, 2024 டிசம்பர் 26 அன்று 7 எபிசோடு, 2025 ஜூன் 27 அன்று மீதி 6 எபிசோடு என்று விட்டார்கள். வெட்டிய இடத்தைப் பாருங்கள்: கி-ஹுன் துப்பாக்கியோடு கலகம் செய்து தோற்கிறான், கூட வந்த பழைய நண்பன் ஜங்-பேயை ஆட்டத்தை நடத்தும் முகமூடித் தலைவன் ஃப்ரண்ட் மேன் அவன் கண்ணெதிரிலேயே சுடுகிறான், அவ்வளவுதான், முடிந்தது. ஆறு மாதம் காத்திருந்தவன் அடுத்து என்ன எதிர்பார்ப்பான்? பழிவாங்கல். வந்ததோ கட்டிலோடு சேர்த்துக் கைவிலங்கு மாட்டப்பட்டு, யார் என்ன கேட்டாலும் வாய் திறக்காமல் உட்கார்ந்திருக்கும் ஒரு ஆள். வெளியான முதல் 3 நாளில் 6 கோடிக்கு மேல் பார்வைகள், நெட்ஃப்ளிக்ஸ் டாப் 10 போடும் 93 நாடுகளிலும் முதலிடம் என்று ஆரவாரமாக ஆரம்பித்த சீசன், முதல் எபிசோடிலேயே பாதிப் பேரை "என்னடா இது" என்று சொல்ல வைத்ததற்கு இதுதான் காரணம்.

ஆனால் அந்த மௌனத்துக்குப் பின்னால் என்ன ஓடுகிறது என்று கவனித்தால் மீதிக் கதை புரிந்துவிடும். கலகத்தின்போது தோட்டாக்களை எடுத்துவரப் போன சக போட்டியாளன் டே-ஹோ பயத்தில் உறைந்து திரும்பாமலே இருந்துவிட்டான். தான் ஒரு மரைன் படைவீரன் என்று அதுவரை பீற்றிக்கொண்டிருந்தவன். இத்தனை பேர் செத்ததற்குத் தானும் ஒரு காரணம் என்பதை ஏற்றுக்கொள்ளும் தெம்பு கி-ஹுனுக்கு இல்லை, அதனால் பழியைத் தூக்கிப் போட ஒரு ஆள் வேண்டும், டே-ஹோ வசமாக மாட்டுகிறான். அடுத்த ஆட்டம் கண்ணாமூச்சி. சிவப்பு அணிக்குக் கத்தி, நீல அணிக்குச் சாவி, நேரம் 30 நிமிடம். சிவப்பு ஆள் குறைந்தது ஒரு நீல ஆளையாவது கொன்றால்தான் பிழைப்பான், நீல ஆள் ஒளிந்து தப்பிக்கலாம் அல்லது வெளியே போகும் கதவைக் கண்டுபிடிக்கலாம். கி-ஹுனுக்குக் கிடைப்பது சிவப்பு, டே-ஹோவுக்கு நீலம். சுற்றிலும் என்ன நடந்தாலும் திரும்பிக்கூடப் பார்க்காமல் அந்த ஒருவனை மட்டும் வேட்டை நாய் மாதிரி துரத்திக்கொண்டே போகிறான். கடைசியில் டே-ஹோ தான் மரைனே இல்லை என்று ஒப்புக்கொண்டு, எல்லாரும் செத்தது உன்னால்தான் என்று திருப்பிச் சொல்கிறான். கி-ஹுன் வெறும் கையால் அவன் கழுத்தை நெரித்துக் கொல்கிறான்.

இந்தக் காட்சியை மறந்துவிட்டுத்தான் நிறைய பேர் முடிவைப் பற்றிப் பேசுகிறார்கள். முதல் சீசனில் கி-ஹுன் நல்லவன்தான், ஆனால் கோலி ஆட்டத்தில் மறதிக்காரக் கிழவரை ஏமாற்றியவனும் அவன்தான். இங்கே நேரடியாகக் கொலை. "நல்லவன் அநியாயமாகச் செத்தான்" என்று சொல்பவர்களிடம் நான் கேட்பது இது: டே-ஹோவைக் கொன்ற கையோடு 4,560 கோடி வொன்னையும் எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போகிற கி-ஹுனை நீங்கள் பார்த்துக் கைதட்டுவீர்களா?

அவன் மறுபடி மனுஷன் ஆவது கும்-ஜா பாட்டியால். இந்த சீசனில் எனக்கு மிகப் பிடித்த பாத்திரமும் அந்தப் பாட்டிதான், நடித்திருப்பவர் காங் ஏ-ஷிம். மகன் யோங்-சிக் சூதாடிப் பட்ட கடனுக்காகத்தான் இருவரும் உள்ளே வந்திருக்கிறார்கள். அதே கண்ணாமூச்சிக்கு நடுவில் நிறைமாதக் கர்ப்பிணியான ஜுன்-ஹீக்கு வலி எடுக்கிறது, பாட்டிதான் பிரசவம் பார்க்கிறார், இன்னொரு போட்டியாளரான ஹியுன்-ஜூ கத்தியோடு வாசலில் காவல் நிற்கிறாள். பிறகு ஹியுன்-ஜூ போய் வெளியேறும் கதவையே கண்டுபிடித்துவிடுகிறாள். அப்படியே போயிருக்கலாம், தடுக்க யாரும் இல்லை. மற்ற இருவரையும் கூட்டிப்போகத் திரும்பி வருகிறாள், முதுகில் கத்தி இறங்குகிறது. குத்தியவன் மியோங்-கி, அந்தக் குழந்தையின் அப்பா.

அப்புறம் யோங்-சிக் வருகிறான். நேரம் முடியப் போகிறது, அவன் இன்னும் யாரையும் கொல்லவில்லை. எதிரே இருப்பது பெற்ற அம்மா, பச்சை உடம்புக்காரி, பிறந்து சில நிமிடமே ஆன சிசு. அழுதுகொண்டே ஜுன்-ஹீயைக் குத்தப் போகிறான். பாட்டி கொண்டையில் செருகியிருந்த ஊசியை உருவி மகன் முதுகில் குத்துகிறார். கொல்வதற்காக இல்லை, தடுப்பதற்காக. ஆனால் யாரையும் கொல்லாததால் காவலர்கள் அவன் கதையை அம்மா கண்ணெதிரிலேயே முடிக்கிறார்கள், அவர் காலில் விழுந்து கெஞ்சியும் பயன் இல்லை. இரண்டு தடவை நிறுத்திவிட்டுத்தான் என்னால் தொடர முடிந்தது. அன்று இரவு அந்தப் பாட்டி கி-ஹுன் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, கெட்டவர்கள் எல்லாவற்றுக்கும் அடுத்தவனைக் குறை சொல்லிவிட்டு நிம்மதியாக இருக்கிறார்கள், நல்லவர்கள் தங்களையே வதைத்துக்கொள்கிறார்கள் என்கிற அர்த்தத்தில் பேசிவிட்டு, தாயையும் குழந்தையையும் பார்த்துக்கொள் என்று ஒப்படைத்துவிட்டு, விடிவதற்குள் தூக்கில் தொங்கிவிடுகிறார். கி-ஹுன் கடைசியில் செய்வதற்கெல்லாம் விதை இங்கேதான் விழுகிறது.

இனி கத்திக் காட்சி. இறுதி ஆட்டத்துக்கு முந்தின இரவு ஃப்ரண்ட் மேன் அவனைக் கூப்பிட்டு முகமூடியைக் கழற்றுகிறான். 2ஆம் சீசன் முழுக்கக் கூடவே விளையாடிய போட்டியாளர் எண் 001 இவன்தான் என்று கி-ஹுனுக்கு அப்போதுதான் தெரிகிறது. ஒரு கத்தியைக் கொடுத்து, தூங்குகிறவர்களை எல்லாம் கொன்றுவிட்டால் நீயும் குழந்தையும் வெளியே போகலாம் என்கிறான் (அதற்குள் ஜுன்-ஹீ செத்து, அவள் இடத்தில் குழந்தையே போட்டியாளராகியிருந்தது). ஃப்ரண்ட் மேன் இன்-ஹோ 2015இல் போட்டியாளனாக இருந்தபோது இதே கத்தி வாய்ப்பு அவனுக்கும் வந்தது, கொடுத்தது ஆட்டத்தையே உருவாக்கிய அந்த முதல் சீசன் கிழவர், அவன் கொன்றான், ஜெயித்தான். கி-ஹுன் ஒருவன் கழுத்து வரை கத்தியைக் கொண்டுபோகிறான். அப்போது முதல் சீசனில் கூட விளையாடிச் செத்துப்போன சே-பியோக் கண்ணில் தோன்றி, நீ இப்படிப்பட்டவன் இல்லை என்கிறாள். முதல் சீசனில் தூங்கிக்கொண்டிருந்த சக போட்டியாளன் சாங்-வூவைக் கொல்லப் போனவனை அவள் தடுத்தாளே, அதே பேச்சு. எதிரே படுத்திருப்பவர்கள் ஒன்றும் உத்தமர்கள் இல்லை, விடிந்தால் குழந்தையைத் தள்ளிவிடக் காத்திருக்கிற கும்பல். அப்படிப்பட்டவர்களைக்கூடக் கொல்லாமல் விடுவதுதான் அந்தக் காட்சியின் கனம். எனக்கு இந்தத் தொடரின் உண்மையான கிளைமாக்ஸே இதுதான், இறுதி ஆட்டத்தில் நடப்பது அதன் நீட்சி.

அந்தக் கும்பலைப் பற்றியும் சொல்ல வேண்டும். இறுதி ஆட்டம் சதுரம், முக்கோணம், வட்டம் என்று மூன்று உயரமான கோபுரங்கள். ஒவ்வொன்றிலும் பொத்தானை அமுக்கிய பிறகு குறைந்தது ஒருவரைத் தள்ளினால் போதும், அடுத்ததுக்குப் போகலாம். கணக்குப்படி மூன்று பேர் செத்தால் மற்றவர்கள் பங்கு போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போகலாம். உட்கார்ந்து, நாகரிகமாக, கிட்டத்தட்ட அலுவலகக் கூட்டம் மாதிரி, யாரைத் தள்ளலாம் என்று பேசுகிறார்கள் பாருங்கள், ரத்தம் கொட்டுகிற காட்சிகளைவிட அதுதான் பயமாக இருந்தது. குழந்தை, குழந்தையை வைத்திருப்பவன், புத்தி பேதலித்துப்போன மின்-சு, இந்த மூன்று பேர். இதில் அரசியல் ஒளித்தெல்லாம் வைக்கப்படவில்லை. கி-ஹுன் வேலை இழந்த கார் கம்பெனிக் கதைக்கு 2009இல் சாங்யோங் மோட்டாரில் 2,646 பேரை வெளியேற்றுவதாக அறிவித்ததும், பியோங்டேக் ஆலையைத் தொழிலாளர்கள் 77 நாள் பிடித்து வைத்திருந்ததும்தான் தூண்டுதல் என்று இயக்குநர் ஹ்வாங் டாங்-ஹியுக் சொல்லியிருக்கிறார். யாரை வெளியே தள்ளலாம் என்று பட்டியல் போடுவது கொரியர்களுக்குப் பழகின காட்சிதான்.

கோபுரத்தில் கடைசியாக மிஞ்சுவது கி-ஹுன், மியோங்-கி, குழந்தை. சண்டையில் மியோங்-கி விழுந்து சாகிறான். சரி, முடிந்தது என்று நினைக்கும்போதுதான் தெரிகிறது, அந்தச் சுற்றுக்கு யாருமே பொத்தானை அமுக்கவில்லை. அவன் சாவு கணக்கில் வராது. இப்போது மிச்சம் ஒரு பெரிய ஆள், ஒரு சிசு. ரொம்ப வசதியான திருப்பம் என்று என் தங்கை இன்றைக்கும் திட்டுகிறாள். எனக்கு அப்படித் தோன்றவில்லை, பெற்ற மகளையே சந்தேகக் கண்ணோடு பார்க்கும் அளவுக்குப் போய்விட்ட ஒருவனோடு உயிருக்குப் போராடும்போது பொத்தான் யாருக்கு ஞாபகம் வரும்? கி-ஹுன் பொத்தானை அமுக்கி, குழந்தையைக் கீழே கிடத்திவிட்டு, பந்தயம் கட்டி வேடிக்கை பார்க்கும் பணக்கார விஐபிகள் இருக்கும் பக்கம் பார்த்து, நாங்கள் குதிரைகள் இல்லை, மனிதர்கள், மனிதர்கள் என்றால்... என்று பாதியில் நிறுத்திவிட்டுக் கோபுரத்திலிருந்து சாய்ந்து விழுகிறான். முதல் சீசனில் குதிரைப் பந்தயத்தில் பணத்தை விட்டவன் இவன். நீங்கள்தான் எங்கள் குதிரைகள் என்று ஃப்ரண்ட் மேன் இவனிடம்தான் சொன்னான். அந்தப் பாதி வாக்கியத்தை முடித்திருந்தால் மேடைப் பேச்சாகியிருக்கும், கி-ஹுன் மேடைப் பேச்சுக்கான ஆளும் இல்லை.

கி-ஹுன் உயிரோடு வெளியே வந்து அமெரிக்காவில் இருக்கும் மகளைப் பார்க்கப் போவதாகத்தான் ஆரம்பத்தில் யோசித்திருந்தேன், எழுத எழுத மாற்றிவிட்டேன் என்று ஹ்வாங்கே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். மாற்றியது நல்லது.

இப்போது சொதப்பல்கள். குழந்தை ஒரு குறியீடு என்பது புரிகிறது. 2023இல் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக 0.72 குழந்தை என்ற நிலைக்கு இறங்கிய நாட்டில், வருங்காலத் தலைமுறைக்கு என்ன விட்டுவைக்கப் போகிறோம் என்று கேட்பது நியாயமான கேள்வி. ஆனால் குறியீட்டுக்குப் பசிக்காதா? பல காட்சிகளில் அது பொம்மை என்று அப்பட்டமாகத் தெரிகிறது, பால் இல்லாமல், பெரிதாக அழாமல், கயிறு தாண்டும் ஆட்டம் நடக்கும் பாலத்தில்கூடச் சமத்தாகத் தூங்குகிறது. அந்தப் பாலத்தில் காலுடைந்த ஜுன்-ஹீ குழந்தையை ஒப்படைத்துவிட்டுத் தானே குதிப்பது மனதைப் பிசைய வேண்டிய இடம், பொம்மை கெடுத்துவிட்டது.

விஐபிகள் பற்றி நேரம் செலவழிக்க மாட்டேன். முதல் சீசனில் மட்டமாக இருந்தார்கள், இப்போது கூடுதல் வசனத்தோடு மட்டமாக இருக்கிறார்கள்.

மன்னிக்கவே முடியாதது ஃப்ரண்ட் மேனின் போலீஸ்காரத் தம்பி ஜுன்-ஹோவின் கதை. இரண்டு சீசனாகப் படகில் தீவைத் தேடுகிறான், படகோட்டி துரோகி என்பது நமக்கெல்லாம் எப்போதோ தெரியும், அவனுக்கு மட்டும் தெரியவில்லை. எல்லாம் முடிந்த பிறகு வந்து சேர்ந்து, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிற்கும் அண்ணனைப் பார்த்து ஏன் இப்படிச் செய்தாய் என்று கத்துகிறான். அண்ணன் பதில் சொல்லாமல் போய்விடுகிறான். இதற்கா இத்தனை எபிசோடு? ஆறு மாதம் கழித்து அவன் வீட்டில் ஜெயித்த குழந்தையும் பரிசுப் பணக் கார்டும் வந்து கிடப்பதற்காகவே அவனை உயிரோடு வைத்திருந்தார்கள் போல. காவலாளி நோ-யுல் கதை பரவாயில்லை, ஒரு அப்பாவையாவது காப்பாற்றி அனுப்பினாள்.

லாஸ் ஏஞ்சலஸ் காட்சியில் ஹாலிவுட் நடிகை கேட் பிளாஞ்செட் சந்தில் நின்று டக்ஜி (போட்டிக்கு ஆள் பிடிக்க ஆடும் காகித மடிப்பு விளையாட்டு) ஆடுவதைப் பார்த்து நிறைய பேர் குதித்தார்கள். எனக்கு எரிச்சல்தான் வந்தது, இன்-ஹோ கி-ஹுனின் மகளிடம் ரத்தக்கறை படிந்த உடையைப் பெட்டியில் கொடுத்துவிட்டு வந்த கையோடு அடுத்த தொடருக்கான விளம்பரம் மாதிரி இருந்தது. கதைப்படி நியாயம்தான், ஒருவன் செத்ததால் கடை மூடிவிடாது. ஆனாலும் அந்த நேரத்தில் நட்சத்திர முகம் வேண்டாம்.

மறுபடி பார்க்கிற எண்ணம் இருந்தால் சீசன் 2இன் கடைசி எபிசோடில் ஆரம்பித்து நிறுத்தாமல் 3க்குப் போய்விடுங்கள், அந்த ஆறு மாத இடைவெளி இல்லாமல் பார்த்தால் கி-ஹுனின் மௌனம் அவ்வளவு அலுப்பாக இருக்காது. படகு வருகிற காட்சிகளைத் தாராளமாக ஓட்டிவிடலாம், கதையில் ஒன்றும் குறையாது.