பக்கத்து வீட்டு ஃபீனி

அன்புள்ள ஐயா,

என் மகளுக்குப் பதினான்கு வயது. தினமும் 'பாய் மீட்ஸ் வேர்ல்ட்' பார்க்கிறாள். அவள் பிறக்கும் முன்பே முடிந்துபோன அமெரிக்கத் தொடர், வசனத்துக்கு வசனம் சிரிப்பொலி வேறு. அந்தக் காலத்தில் பார்த்தவர்களுக்குப் பழைய நினைவு, சரி. இவளுக்கு அதில் என்ன கிடைக்கிறது?

ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

பழைய நினைவு மட்டும் காரணமென்றால் உங்கள் மகள் அதைப் பார்க்கவே மாட்டாள். எனக்குத் தெரிந்த காரணம் ஃபீனிதான்.

1993 முதல் 2000 வரை ஏபிசி என்ற அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஏழு சீசன் ஓடிய தொடர் அது. கதை ஃபிலடெல்ஃபியாவில் நடக்கிறது, தொடக்கத்தில் ஆறாம் வகுப்பில் இருக்கும் கோரி, முடிவில் காதலி டொப்பாங்காவைக் கல்யாணம் செய்துகொண்டு நியூயார்க் கிளம்புகிறான். வில்லியம் டேனியல்ஸ் நடித்த ஃபீனி அவனுடைய ஆசிரியர், பக்கத்து வீட்டுக்காரரும்கூட. பள்ளிக்கூட நகைச்சுவைத் தொடர்களில் பெரும்பாலும் ஆசிரியர் என்றால் பிள்ளைகள் ஏமாற்றிச் சிரிப்பதற்கு ஓர் ஆள். ஃபீனி அப்படி இல்லை. அறிவுரை சொல்கிறார், நிறையவே சொல்கிறார், ஆனால் அதைக் கேட்காமல் போய்க் கெட்டு வந்தாலும் வேலிக்கு அந்தப் பக்கம் அதே மனிதராக நிற்கிறார். கடைசி எபிசோடில் எங்களைப் பிடிக்கும் என்று சொல்லுங்கள் எனக் கோரியும் நண்பர்களும் கேட்கும்போது மழுப்பிவிட்டு, எல்லோரும் போனபிறகு காலி வகுப்பறையில் அதைச் சொல்கிறாரே, ஏழு வருஷம் கூடவே இருந்தவர் சொல்வதால்தான் அது நம்மை அழவைக்கிறது.

அப்புறம் கோரியின் நெருங்கிய நண்பன் ஷான். சக்கரத்தில் நிற்கும் மலிவான டிரெய்லர் வீட்டில் வளர்கிற பையன், வருவதும் போவதுமாக இருக்கும் அப்பா. டர்னர் என்ற ஆசிரியர் அவனைத் தன் வீட்டிலேயே தங்கவைக்கிறார். அவர் விபத்தில் அடிபட்டுக் கிடக்கும்போது படுக்கையருகே நின்று ஷான் கடவுளோடு பேசும் காட்சி, நகைச்சுவைத் தொடரில் நான் பார்த்தவற்றிலேயே நேர்மையானது. (அதன்பிறகு டர்னரைத் தொடரிலிருந்தே காணாமல் ஆக்கிவிட்டார்கள், அந்தக் கோபம் எனக்கு இன்னும் போகவில்லை. கோரியின் அண்ணன் எரிக்கைப் போகப்போக முழு முட்டாளாக்கியதும் அப்படித்தான்.)

பதினான்கு வயதில் வீட்டுக்கு வெளியே, தன்னை விட்டுப்போகாத ஒரு பெரியவர் வேண்டியிருக்கிறது. சிரிப்பொலிக்கு அடியில் உங்கள் மகள் பார்ப்பது அதைத்தான் என்று நினைக்கிறேன். ஒருநாள் அவளோடு உட்கார்ந்து பாருங்கள். முதல் சீசன் வேண்டாம், அது சின்னப் பிள்ளைகளுக்கானது. ஆறாவது சீசனில் ஷானின் அப்பா இறக்கும் எபிசோடைப் போடச் சொல்லுங்கள்.