இருபது வினாடிகள் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

நான் மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் பிறந்து வளர்ந்தவன். செம்பனைத் தோட்டங்களில் ட்ரோன் மூலம் மருந்து தெளிக்கும் வேலையில் இருக்கிறேன். ட்ரோன்கள் தாமாகவே பொருட்களை அடையாளம் காணும் தொழில்நுட்பத்தைக் கற்க ஈப்போவில் ஒரு பகுதிநேர வகுப்பில் சேரலாமா என்று யோசிக்கிறேன். ட்ரோன்கள் ஆட்களைத் துரத்திக் கொல்லும் உக்ரேன் போர்க் காட்சிகளைப் பார்த்த பிறகு மனம் தயங்குகிறது. நண்பர்களோ, இயந்திரத்துக்குக் கோபம் கிடையாது, பழிவாங்கும் எண்ணம் கிடையாது, 1948இல் பத்தாங்காலியில் 24 தொழிலாளர்களைச் சுட்டுக் கொன்றது மனிதர்கள்தானே என்கிறார்கள். எப்படியும் கடைசியில் பொத்தானை அழுத்த ஒரு மனிதன் இருப்பான். இயந்திரங்கள் சண்டையிட்டால் ஏழை வீட்டுப் பிள்ளைகள் சாக வேண்டியதில்லை என்கிறார்கள். எனக்கும் அது சரியென்றே படுகிறது. வகுப்பில் சேரலாமா?

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

சில மாதங்களாக என்னைத் தூங்கவிடாத விஷயத்தை நீங்கள் கேட்டுவிட்டீர்கள். அதனால்தான் தனிக் கடிதமாக அனுப்பாமல் இங்கே எழுதுகிறேன்.

ஏழை வீட்டுப் பிள்ளைகள் சாகமாட்டார்கள் என்ற பேச்சில் நான் நேரத்தைச் செலவிடப்போவதில்லை. இயந்திரத்தை அனுப்புகிறவர் வீட்டுப் பிள்ளைகள் சாகமாட்டார்கள், அவ்வளவுதான். உக்ரேனின் கெர்சோன் நகரில் ட்ரோன்கள் துரத்திக் கொன்றவர்களில் சைக்கிளில் போனவர்களும் பஸ் நிறுத்தத்தில் நின்றவர்களும் உண்டு. அவர்கள் எந்த வீட்டுப் பிள்ளைகள்?

‘கடைசியில் பொத்தானை அழுத்த ஒரு மனிதன் இருப்பான்’ என்று எழுதியிருக்கிறீர்களே, அதைத்தான் என்னால் தாங்கிக்கொள்ள முடியவில்லை. 2024 ஏப்ரலில் ‘+972’ என்ற இதழ், இஸ்ரேலிய உளவுத்துறை அதிகாரிகள் சிலர் சொன்னதை வைத்து ஒரு செய்தி வெளியிட்டது. ‘லாவண்டர்’ என்ற கணினி அமைப்பு காஸாவில் 37,000 பேர் வரை போராளிகள் என்று சந்தேகத்தின்பேரில் குறித்துத் தந்ததாம். ஒவ்வொரு பெயருக்கும் அதிகாரி ஒதுக்கிய நேரம் ஏறத்தாழ 20 வினாடி. அதுவும் குறிக்கப்பட்டவர் ஆண்தானா என்று பார்த்துக்கொள்வதற்கு. பத்தில் ஒன்று பிழையாகலாம் என்று தெரிந்தே செய்தார்கள் என்கிறது அந்தச் செய்தி. அது வெறும் தகவல் தொகுப்பு, ஆளை முடிவுசெய்வது கணினி அல்ல என்று இஸ்ரேலிய ராணுவம் மறுத்திருக்கிறது. மறுப்பை முழுதாக ஏற்றுக்கொண்டாலும் என் கேள்வி அப்படியேதான் நிற்கிறது. திரையில் வரிசையாகப் பெயர்கள் வந்துகொண்டிருக்கும்போது, மேலதிகாரி எண்ணிக்கை கேட்டுக்கொண்டிருக்கும்போது, அந்த மனிதனால் எதை மறுக்க முடியும்? தோட்டத்துக் கிராணி (கணக்கர்) நீட்டிய தாளில் கைநாட்டு வைத்தார்களே நம் பாட்டன்மார், அவர்கள் நிலைதான் அவனுக்கும். ரேகை அவனுடையது, கணக்கு எழுதியவர் வேறு ஆள். மனிதன் இருக்கிறானா என்று கேட்காதீர்கள் தம்பி. அவனுக்கு நேரம் இருக்கிறதா, ‘மாட்டேன்’ என்று சொல்ல இடம் இருக்கிறதா, அதைக் கேளுங்கள்.

சுங்கை சிப்புட்டில் பிறந்த ஒருவருக்கு இதை நான் சொல்லித்தர வேண்டியிருப்பது எனக்கு வருத்தமாக இருக்கிறது. 1948 ஜூன் 16 அன்று நம்மூர்த் தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைமார்கள் சுட்டுக் கொல்லப்பட்டதைத் தொடர்ந்துதானே, பிரிட்டிஷ் ஆட்சி கம்யூனிஸ்டுகளுக்கு எதிராக அறிவித்த அவசரகாலம் வந்தது? 1960 வரை அது நீடித்தது. துப்பாக்கி வைத்திருந்தால் மரணம் என்ற அதன் விதிதான் 1949 மே 4 அன்று தொழிற்சங்கத் தலைவர் எஸ்.ஏ. கணபதியைக் கோலாலம்பூர் புடு சிறையில் தூக்கில் போட்டது. இதையெல்லாம் உங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்லவில்லையா? நீங்கள் கேட்கவில்லையா?

என் அம்மா அந்தக் காலத்தில் ரப்பர்த் தோட்டத்தில் பால்வெட்டுக்குப் போனவர். லயங்களைச் சுற்றி முள்வேலி போட்டிருந்தார்கள். காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்ட் போராளிகளுக்கு ஒரு பிடி அரிசிகூடப் போய்ச் சேரக்கூடாது என்பது ராணுவத்தின் திட்டம். அரிசி பங்கீட்டில்தான் கிடைக்கும். அதை வேலிக்கு வெளியே கொண்டுபோய் அகப்பட்டால் சிறை. விடியுமுன் பெரட்டு (ஆள் கணக்கெடுப்பு) முடிந்ததும் வாசலில் வரிசையாக நின்று, வாளியையும் மடியையும் சோதனைக்குக் காட்டிவிட்டுத்தான் நிரைக்குப் போக வேண்டும். பக்கத்துத் தோட்டத்தில் என் சின்னம்மா பிள்ளை பெற்றுப் படுத்திருந்தார். அங்கே அரிசி போதவில்லை. அம்மா கொஞ்சம் அரிசியைத் துணியில் முடிந்து, வாளியின் அடியில் வைத்து, மேலே கந்தலைத் திணித்துக்கொண்டு வரிசையில் நின்றார்.

வாசலில் ஒரு மலாய்க்கார ஸ்பெஷல் கான்ஸ்டபிள். டார்ச் விளக்கை வாளிக்குள் அடித்து, கையை விட்டுத் துழாவினார். முடிச்சு கையில் தட்டியது. விளக்கை உயர்த்தி அம்மாவின் முகத்தைப் பார்த்தார். அம்மாவுக்கு வாய் எழவில்லை. அவர் கந்தலை முன்பிருந்தபடியே அமுக்கி வைத்து, ‘ஜாலான்’ (போ) என்று சொல்லிவிட்டு, அடுத்த பெண்ணின் வாளிக்குத் திரும்பிவிட்டார்.

அந்த அரிசி எங்கே போகிறது என்று அவருக்குத் தெரியாது. காட்டுக்கே போயிருக்கலாம். பிடிபட்டிருந்தால் அவர் வேலையும் போயிருக்கும், கூடவே தண்டனையும் வந்திருக்கும். அத்தனையையும் தன் தலைமேல் போட்டுக்கொண்டுதான் அம்மாவை விட்டார். அந்த இடத்தில் உங்கள் நண்பர்கள் மெச்சும் கோபமில்லாத இயந்திரத்தை நிறுத்திப் பாருங்கள். விடியாத நேரம், ஒளித்த அரிசி, காட்டோரப் பாதை, பேசாத பெண். எல்லாம் பொருந்தியிருக்கும். இயந்திரம் பிழை செய்திருக்காது என்பதையும் கவனியுங்கள். விதிப்படி என் அம்மா குற்றவாளிதான். பிழையே செய்யாத இயந்திரத்தை நினைத்தால்தான் எனக்கு அதிகம் பயமாக இருக்கிறது.

பத்தாங்காலிக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தில் கனமான வாதம் அது ஒன்றுதான். 1948 டிசம்பர் 12 அன்று பிரிட்டிஷ் ராணுவத்தின் ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படையினர் நிராயுதபாணிகளான 24 சீனத் தோட்டத் தொழிலாளர்களைச் சுட்டுக் கொன்றார்கள். மனிதர்கள்தான் செய்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் தப்ப முயன்றவர்களைச் சுட்டோம் என்ற அரசாங்கக் கதை எப்படி உடைந்தது? ஏறத்தாழ 20 ஆண்டுகள் கழித்து, 1969–70இல், சுட்டவர்களிலேயே சிலர் உண்மையைச் சொல்லிச் சத்தியக் கூற்று எழுதிக் கொடுத்தார்கள். அவர்களை அது உறுத்திக்கொண்டே இருந்திருக்கிறது. குடும்பங்களுக்கு நீதி கிடைக்கவில்லை. 2015இல் பிரிட்டிஷ் உச்ச நீதிமன்றமும் அவர்களுடைய மேல்முறையீட்டைத் தள்ளிவிட்டது. என்றாலும் நடந்தது என்னவென்று உலகத்துக்குத் தெரியும். ஒரு ட்ரோனுக்கு இருபது ஆண்டுகள் கழித்து எது உறுத்தும்? பதிவை அழித்துவிட்டால் கொன்றதற்குச் சாட்சியே இல்லை.

இப்படித் தாமாகக் கொல்லும் ஆயுதங்களைத் தடுக்கவே முடியாது என்று அடுத்த கடிதத்தில் எழுதிவிடாதீர்கள். மிதித்தவர் யாரென்று பாராமல் கொல்லும் கண்ணிவெடியும் மனிதன் முடிவெடுக்காத ஆயுதம்தான். வன்னியில் போர் முடிந்து ஆண்டுகள் பல ஆன பின்னும் அதைத் தோண்டிக்கொண்டிருந்தார்கள். 1997இல் ஒட்டாவா உடன்படிக்கை அதைத் தடை செய்தது, மலேசியாவும் அதில் சேர்ந்தது. தானியங்கி ஆயுதங்களைப் பற்றி ஜெனீவாவில் 2014 முதல் பேசிக்கொண்டிருக்கிறார்கள். எல்லாரும் ஒப்ப வேண்டும் என்ற விதியால் ஒரே நாடு நினைத்தாலும் முட்டுக்கட்டை போடலாம். 2023 டிசம்பரில் ஐ.நா. பொதுச்சபையில் ஒரு தீர்மானம் வந்தது. நாடுகளின் கருத்துகளைத் திரட்டி அறிக்கை தரும்படி பொதுச்செயலாளரைக் கேட்டுக்கொண்ட தீர்மானம், அதற்குமேல் பெரிதாக ஒன்றுமில்லை. 152 நாடுகள் ஆதரித்தன. எதிர்த்த நான்கில் ரஷ்யா, பெலாரஸ், மாலியோடு இந்தியாவும் இருந்தது. காந்தி பிறந்த நாடு என்று நம் பள்ளிகளில் சொல்லிக் கொடுத்தோமே, அந்த நாடு. ஜெனீவாவே போதும் என்பது அதன் வாதம். எனக்கு ஆறவில்லை.

வகுப்பில் தாராளமாகச் சேருங்கள். நோயுற்ற செம்பனையை வானத்திலிருந்து கண்டுபிடிப்பது நல்ல வேலை. படித்து முடித்து எந்த நிறுவனம் அழைத்தாலும், செய்வதை யாருக்கு விற்கிறார்கள் என்று கேட்டு எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். தர மறுத்தால் அங்கே போகாதீர்கள், சம்பளம் எவ்வளவானாலும். உங்கள் நண்பர்களையும் எனக்கு எழுதச் சொல்லுங்கள்.